அக்கா மகனுக்கு ஒரு மரத்தின் பெயர்!

எங்கள் டிஜிட்டல் டெஸ்க்கில் ஒரு வகைக் கட்டுரைக்கு மட்டும் வாசகர்கள் குறைவதே இல்லை. ‘உங்கள் செல்லத்துக்கு மாடர்ன் பெயர்கள்!’ எழுத்து வாரியாக, நட்சத்திர வாரியாகப் போட்டுக்கொண்டே இருக்கலாம். நானும் போட்டிருக்கிறேன். அதனால், அவிநாசியிலிருந்து அக்கா போனில், “உங்க லிஸ்ட்டெல்லாம் பார்த்துட்டேன்டா. ஒண்ணு ‘ஷ்’ல முடியுது, இல்லைன்னா ‘த்’ல முடியுது. எம் பையனுக்கு மரம், செடி, ஆறுன்னு ஏதாச்சும் ஒரு பேரு சொல்லு” என்றபோது லேசாகச் சுருக்கென்றது.

பெண் குழந்தை என்றால் கவலையே இல்லை. முல்லை, தாமரை, நிலா, காவேரி என்று ஒரு தோட்டமே இருக்கிறது. பையன் என்றால் சாமி பெயர், தாத்தா பெயர், இல்லாவிட்டால் சினிமா பெயர். இத்தனைக்கும் எங்கள் பக்கம் ஊருக்கே மரத்தின் பெயரை வைத்திருக்கிறோம். வேலம்பாளையம் இருக்கிறது, புளியம்பட்டி இருக்கிறது. கூட்டப் பெயரில் காடையும் ஆந்தையும்கூட உண்டு.

அக்காவுக்கு அவசரம் வேறு. பையனுக்கு அப்போது பதினோரு மாதம் முடிந்திருந்தது. பிறப்பை 21 நாள்களுக்குள் பதிவு செய்துவிட்டார்கள். பெயர் இடம் மட்டும் காலி. பதிவு செய்த நாளிலிருந்து ஓராண்டுக்குள் கட்டணமில்லாமல் பெயரைச் சேர்த்துக்கொள்ளலாம். அதற்குப் பிறகு தாமதக் கட்டணத்துடன் 15 ஆண்டுகள் வரை சேர்க்கலாம் என்றாலும், அக்கா அதையெல்லாம் கேட்கிற மனநிலையில் இல்லை.

ஏன் இவ்வளவு நாள் பெயர் வைக்கவில்லை என்றால், அதற்குக் காரணம் அம்மா. பையன் எட்டாம் மாதமே பிறந்துவிட்டான். கோவையில் ஒரு மருத்துவமனையில் 26 நாள்கள் இன்குபேட்டரில் இருந்தான். கண்ணாடி வழியாகத்தான் பார்த்தோம். அந்த நாள்களில் ஒன்றில் அம்மா அவிநாசியப்பர் கோயிலில் போய் நின்று, “பையனைக் குடுத்துரு, உம் பேரையே வெக்கறேன்” என்று வேண்டிக்கொண்டு வந்துவிட்டார்.

எங்கள் ஊர்க்காரர்கள் அந்தச் சந்நிதியில் இப்படி வேண்டிக்கொள்வதில் ஆச்சரியமில்லை. குளத்தில் குளித்த ஐந்து வயதுச் சிறுவனை முதலை விழுங்கியது. சில ஆண்டுகள் கழித்து வந்த சுந்தரர் பதிகம் பாட, அதே முதலை அவனை வளர்ந்த பையனாகக் கரையில் கொண்டுவந்து விட்டது என்பது தலபுராணம். ‘அவிநாசி’ என்றாலே அழிவில்லாதது என்றுதான் பொருள். பேரனுக்கு இதைவிட நல்ல பெயர் எது என்பது அம்மாவின் கேள்வி.

அக்கா சண்டை போடவில்லை. ஒரே ஒரு தடவை என்னிடம் சொன்னாள்: “அந்தக் கதையில வர்ற பையனை ஊர்ல என்னன்னுடா சொல்றோம்? ‘முதலை வாய்ப் பிள்ளை’ன்னுதானே. அவனுக்கு நடந்ததே அவனுக்குப் பேராயிருச்சு. எம் பையனைக் கூப்பிடறப்பல்லாம் எனக்கு அந்தக் கண்ணாடிப் பெட்டி ஞாபகம் வரக்கூடாதுடா.”

அதற்குப் பிறகுதான் நான் ஒழுங்காகத் தேட ஆரம்பித்தேன்.

அம்மாவுக்கும் ஒத்துவரட்டும் என்று அவிநாசி கோயிலின் தலமரத்திலிருந்து ஆரம்பித்தேன். அது பாதிரி. அழகான பூ, கடலூர் பக்கம் திருப்பாதிரிப்புலியூர் என்று ஓர் ஊரே அதன் பெயரில் இருக்கிறது. ஆனால் போர்த்துக்கீசியரிடமிருந்து வந்த இன்னொரு ‘பாதிரி’ தமிழில் ஆழமாக ஊன்றிவிட்டதால், பள்ளிக்கூடத்தில் பையனை எல்லோரும் “ஃபாதர்” என்று கூப்பிடுவார்கள் என்றார் மாமா. சரிதான். மருதன், கடம்பன் எல்லாம் ஏற்கெனவே கேட்ட பெயர்கள் என்று அக்கா தள்ளிவிட்டாள்.

பையன் ரோகிணி நட்சத்திரம். (ரோகிணியில் ஆண் பிறந்தால் தாய்மாமனுக்கு ஆகாது என்பார்கள், கம்சன் கதையால் வந்த பயம். அந்தத் தாய்மாமன் நான்தான். இதுவரை பெயர் தேடுகிற வேலையைத் தவிர வேறு கஷ்டம் வரவில்லை.) ஒ, வ, வி, வு என்று எழுத்து கொடுத்திருந்தார்கள். அப்படி வந்து நின்றது ‘வாகை’.

அக்காவுக்குக் கேட்டவுடன் பிடித்துவிட்டது. போரில் வென்றவர்கள் சூடிய பூ என்பது எல்லோருக்கும் தெரியும். நான் அவளிடம் சொன்னது வேறு. தொல்காப்பியத்தில் வாகை என்பது போர் வெற்றி மட்டுமில்லை. அவரவர் தங்கள் வேலையில் சிறந்து நிற்பதும் வாகைதான். உழுகிறவருக்கும் உண்டு, படிக்கிறவருக்கும் உண்டு. யாரையும் தோற்கடிக்காமலே ஜெயிக்கலாம் என்கிற அந்த அர்த்தம் எனக்கு ரொம்பப் பிடித்தது.

வீட்டில் வேறு மாதிரி போனது. “செக்குக்குப் போடற மரமல்லோ அது?” என்றார் அம்மிச்சி. உண்மைதான், எண்ணெய்க் கடைகளில் ‘வாகை மரச்செக்கு’ என்று போர்டே வைக்கிறார்கள். ஒரு சித்தப்பா, த.வெ.க. கொடியில் வாகைப் பூ இருப்பதை நினைவூட்டி, “மாப்பிள்ளை கட்சியில சேர்ந்துட்டாரா?” என்று கேட்டார். சாலையோரம் பார்க்கிற தூங்குமூஞ்சி மரத்துக்கும் வாகை என்று பெயர் உண்டு, பையனைக் கிண்டல் செய்வார்கள் என்று இன்னொருவர் எச்சரித்தார். அது அமெரிக்காவிலிருந்து வந்த மரம், இது நம்முடையது என்று நான் விளக்கியதை யாரும் காதில் வாங்கவில்லை.

அம்மா மட்டும் எதுவும் சொல்லவில்லை. அதுதான் பயமாக இருந்தது.

கோயிலில் வைத்துப் பெயர் சூட்டினோம். காதில் பெயரைச் சொல்ல அக்கா அம்மாவையே கூப்பிட்டாள். இரண்டு முறை ‘வாகை’ என்று தெளிவாகக் கேட்டது. மூன்றாவது முறை அம்மா குனிந்து ரொம்ப நேரம் ஏதோ சொன்னார். என்ன என்று அக்கா கேட்கவில்லை.

பிறந்தது கோவை என்பதால் பெயர் சேர்க்கவும் அங்கேதான் போனார்கள். விண்ணப்பத்தை வாங்கியவர், “பொண்ணுங்களா?” என்றாராம். ஆங்கிலத்தில் ஒரு ‘ஏ’வா, இரண்டு ‘ஏ’வா என்று கவுன்ட்டரில் நின்றபடியே எனக்குப் போன் வந்தது. இரண்டு என்றேன்.

சான்றிதழில் பெயர் வந்துவிட்டது. இப்போதைக்கு அவன், அம்மா “அப்புனு” என்று கூப்பிட்டால்தான் திரும்பிப் பார்க்கிறான்.