நோட்டரி ரினியூவல்

நோட்டரி சான்றிதழுக்கு ஆயுள் 5 வருஷம். முடிய 6 மாசம் இருக்கும்போதே அரசுக்கு மனு போட்டுவிட வேண்டும் என்கின்றன 1956 விதிகள். ஊரார் அபிடவிட்டுக்கெல்லாம் முத்திரை குத்துகிறவன், இப்போது என் காகிதங்களைத் தூக்கிக்கொண்டு அலைகிறேன்.

அந்தச் சாக்கில் பழைய ரிஜிஸ்டர்களைப் புரட்டினேன். வாடகை ஒப்பந்தம், பெயர் மாற்றம், தொலைந்த பத்திரம். ஒரு பக்கத்தில் கையெழுத்துக்குப் பதில் ஊதா மையில் பெருவிரல் ரேகை; பக்கத்தில் பேத்தி கோணல்மாணலாக எழுதிய பாட்டியின் பெயர். நேரில் வந்ததற்கு அதைவிட என்ன சாட்சி வேண்டும்?

கோர்ட் வாசலில் ஆள் முகத்தையே பார்க்காமல் அந்த 5 சென்டிமீட்டர் வட்ட முத்திரையைக் குத்தித் தள்ளுகிறவர்களும் உண்டு. ரினியூவலின்போது சலானோடு ரிஜிஸ்டரையும் கேட்டு வாங்கி நாலு பக்கம் புரட்டினால் பலர் மாட்டுவார்கள். ஜூனியர்களே, உங்கள் காலாவதி தேதி என்ன, பார்த்தீர்களா?