முள் நிற்கும் இடம்

வீடியோ விளையாட்டுக் கருவிகளைப் பற்றி எழுதும் தகுதி எனக்கு உண்டா என்று நண்பர்கள் கேட்கக்கூடும். நியாயமான கேள்விதான். முதுகலையில் நான் பயின்றது தமிழ் இலக்கியம். வகுப்பில் நடத்துவது நன்னூலும் சிற்றிலக்கியங்களும். ஆனால் கடந்த ஓராண்டாக எங்கள் தென்காசி வீட்டில் மிக அதிகமாகப் புழங்கும் சொல் 'காலிபரேஷன்' என்றாகிவிட்டது. எட்டாம் வகுப்பு படிக்கும் என் மகளும், எழுபத்தாறு வயதான என் அப்பாவும் அச்சொல்லை வைத்துச் சண்டையிட்டுக்கொள்ளும்போது, தமிழாசிரியன் ஒருவன் வாயை மூடிக்கொண்டிருப்பது கடினம்.

முதலில் சொல்லைப் பற்றி. 'அளவுத்திருத்தம்' என்று இதற்கொரு கலைச்சொல் வழங்குகிறது. எனக்கு அதில் நிறைவில்லை. இங்கே திருத்தப்படுவது அளவு அன்று, அளக்கும் கருவி. வள்ளுவர் நடுவு நிலைமை அதிகாரத்தில் சான்றோருக்குத் துலாக்கோலை உவமை சொல்கிறார். பரிமேலழகர் அந்த உவமையை விரிக்கும்போது ஒரு கால வரிசையைக் காட்டுகிறார்: கோல் முதலில் தான் சமனாக நிற்கிறது, அதன் பின்னரே தன்மேல் வைத்த பாரத்தை வரையறுக்கிறது. இந்த முன், பின் என்னும் வரிசைதான் காலிபரேஷனின் முழுப்பொருளும். 'சீர்தூக்கல்' என்ற சொல்லையே இதற்கு வைத்துக்கொள்ளலாம் என்பது என் கட்சி. மகள் சிரிக்கிறாள், சிரிக்கட்டும்.

அப்பா பொற்கொல்லர். தென்காசிக் கடைத்தெருவில் நாற்பது ஆண்டுகளுக்கு மேல் பட்டறை வைத்திருந்தவர். கண்ணாடிப் பெட்டிக்குள் அடங்கிய தராசு, குன்றிமணி, இடுக்கி, ஊதுகுழல் ஆகியவை நடுவே நான் வளர்ந்தேன். ஆனி, ஆடியில் ஆரியங்காவுக் கணவாய் வழியாக நுழையும் காற்று எப்படிப்பட்டது என்பதைத் தென்காசிக் கோபுர வாசலில் ஒருமுறை நின்றவர்கள் அறிவார்கள். அந்த மாதங்களில் அப்பா எடை பார்க்கும்போது கதவைச் சாத்திவிடுவார், மூச்சையும் அடக்கிக்கொள்வார். வெறும் தட்டில் முள் நடுவில் நிற்கும் வரை வாடிக்கையாளர் எவ்வளவு அவசரப்பட்டாலும் தங்கத்தைத் தட்டில் வைக்கமாட்டார்.

2023ஆம் ஆண்டு அவருக்குப் பக்கவாதம் வந்தது. உயிருக்கு ஆபத்தில்லை. நடை திரும்பிவிட்டது, பேச்சு முக்கால்வாசி திரும்பிவிட்டது. வலக்கைதான் பின்தங்கியது. பொடி வைத்து ஊதிய கை, சோற்றைப் பிசைந்து வாய்க்குக் கொண்டுபோகச் சிரமப்பட்டது. இயன்முறை மருத்துவர் பந்தைப் பிசையச் சொன்னார், ஆணிகளைப் பலகையின் துளைகளில் செருகச் சொன்னார். அப்பாவுக்கு இரண்டு வாரத்தில் அலுத்துவிட்டது. அப்போது அந்த மருத்துவரே, வீட்டில் கையசைவை உணரும் விளையாட்டுக் கருவி இருந்தால் அதையும் முயலலாமே என்றார். இதில் புதுமை ஒன்றும் இல்லை. 2006இல் நிண்டெண்டோ நிறுவனம் 'வீ' என்ற கருவியை வெளியிட்ட ஓரிரு ஆண்டுகளிலேயே மேலைநாட்டு மருத்துவமனைகள் சில அதைப் பயிற்சிக்குப் பயன்படுத்தத் தொடங்கிவிட்டன.

எங்கள் வீட்டில் இருந்தது துபாயிலிருந்து உறவினர் ஒருவர் மகளுக்குக் கொண்டுவந்த கருவி. ஒரு சாண் நீளமும் இல்லாத கைப்பிடி. அதில் வில்வித்தை விளையாட்டொன்று உண்டு. கைப்பிடியை நீட்டிப் பிடித்தால் திரையில் அம்புக்குறி தெரியும். அதை வட்டத்தின் நடுவே சில நொடிகள் நிறுத்தினால் அம்பு பாயும். அப்பா பிடித்தார். குறி நடுவிலிருந்து கிளம்பி, எறும்பு ஊர்வதுபோல் இடப்புறம் நகர்ந்து, வட்டத்தை விட்டே வெளியேறியது. திரும்பக் கொண்டுவந்தார். திரும்பவும் போயிற்று. ஐந்தாறு முறைக்குப் பின் கைப்பிடியை மடியில் வைத்துவிட்டு, "ஏல, கை போயிட்டுல்லா" என்றார். அவ்வளவுதான். அன்றிரவு அவர் சரியாகச் சாப்பிடவில்லை.

மறுநாள் காலை மகள்தான் கவனித்தாள். மேசைமேல் தனியே கிடந்த கைப்பிடியை யாரும் தொடவில்லை. திரையில் குறி இடப்புறம் ஊர்ந்துகொண்டிருந்தது.

இது ஏன் நிகழ்கிறது என்பதை அறிந்துகொள்ள நான் சில இரவுகளைச் செலவிட்டேன். கைப்பிடியினுள் இரண்டு உணரிகள் இருக்கின்றன. ஒன்று முடுக்கமானி. சிலிக்கானில் செதுக்கிய நுண்ணிய எடை ஒன்று நுண்ணிய வில்சுருளில் தொங்குகிறது என்று கற்பனை செய்துகொள்ளலாம். கொத்தனாரின் தூக்குக்குண்டுதான் அது. அசையாமல் வைத்தால் புவியீர்ப்பை மட்டும் காட்டும். (துருவத்தில் அந்த ஈர்ப்பு 9.83, தென்காசி போன்ற, நிலநடுக்கோட்டுக்கு அருகிலுள்ள ஊரில் சுமார் 9.78. ஆக, தென்காசிக்காரன் சற்றே இலேசானவன்.) மற்றொன்று கைரோஸ்கோப். இப்பெயரை 1852இல் இட்டவர், ஊசல் கொண்டு பூமியின் சுழற்சியைக் காட்டிய ஃபூக்கோ. அவருடையது சுழலும் சக்கரம். கைப்பிடிக்குள் சக்கரம் கிடையாது. இடையறாது அதிரும் இசைக்கவை போன்ற ஓர் உறுப்பு மட்டுமே உண்டு. கையைத் திருப்பினால் அந்த அதிர்வு பக்கவாட்டில் சற்றே விலகும். விலகலின் அளவே திருப்பத்தின் வேகம்.

கைரோஸ்கோப் சொல்வது வேகத்தை மட்டுமே, இருக்கும் திசையை அன்று என்பதுதான் சிக்கல். கணத்துக்குக் கணம் வேகத்தைக் கூட்டிக்கூட்டித்தான் கருவி திசையைக் கணக்கிடுகிறது. அசையாதபோது அது சுழியம் காட்டவேண்டும். தயாரிப்பில் நேர்ந்த நுண்ணிய கோணலாலும், வெப்பத்தாலும், பழமையாலும் நொடிக்கு ஒரு பாகை என்று காட்டிவிட்டால், ஒரு நிமிடத்தில் அறுபது பாகை பொய் சேர்ந்துவிடும். மேலும் கீழுமாக நேரும் பிழையைத் தூக்குக்குண்டு திருத்திவிடும். எது கீழ் என்று அதற்குத் தெரியும். இடம், வலம் பற்றி அதற்கு ஒன்றும் தெரியாது. எங்கள் குறி இடப்புறமாக ஓடியதற்குக் காரணம் இதுதான்.

இடவலத்தை அறியக் காந்தமானி வேண்டும். சோனியின் 2010ஆம் ஆண்டு 'மூவ்' கைப்பிடியில் அது இருந்தது; கைப்பேசிகளிலும் உண்டு. திசைகாட்டி தடுமாறும்போது கைப்பேசியைக் காற்றில் எட்டுப்போடச் சொல்வது அதைச் சீர்தூக்கத்தான். புவியின் காந்த நடுக்கோடு எங்கள் திருநெல்வேலிப் பக்கமாகத்தான் செல்கிறது. கிருஷ்ணாபுரத்தில் இந்தியப் புவிக்காந்தவியல் நிறுவனத்தின் ஆய்வகம் அமைந்ததற்கு அதுவே காரணம். வடநாட்டில் மூக்கைக் கீழே குத்தும் காந்த ஊசி இங்கே கிட்டத்தட்டப் படுக்கையாக நிற்கும். திருவனந்தபுரம் வானாய்வுக்கூடத்தின் இயக்குநராக இருந்த ஜான் ஆலன் புரௌன் 1850களில் அகத்தியமலை உச்சியிலேயே ஓர் ஆய்வுநிலையம் கட்டி அளவெடுத்தார். சிவன் திருமணத்தன்று வடக்குத் தாழ்ந்து தெற்கு உயர, உலகைச் சமன்செய்ய அகத்தியர் வந்தமர்ந்த மலையாயிற்றே அது! புரௌனுக்கு அக்கதை தெரியுமா தெரியாது, இடத்தேர்வு பொருத்தம்.

செய்முறைக்கு வருவோம். கைப்பிடியைச் சமதளத்தில் அசையாமல் வைக்கவேண்டும். அமைப்புப் பட்டியலில் உரிய வரியைத் தேர்ந்து காத்திருந்தால், அது சில நொடிகளில் நூற்றுக்கணக்கான அளவுகளை எடுத்துச் சராசரி கண்டு, 'இதுதான் சுழியம்' என்று பதிந்துகொள்ளும். இனிவரும் ஒவ்வோர் அளவிலிருந்தும் அந்தச் சராசரியைக் கழித்துவிடும். கேட்க எளிது. ஆனால் சமதளம் எங்கே? எங்கள் வீட்டுத் தரை, கழுவிவிட்டால் நீர் ஓடட்டும் என்று வாட்டம் விட்டுப் போட்டது. மேசையின் ஒரு கால் குட்டை. தெருமுனையில் வேலை பார்த்துக்கொண்டிருந்த கொத்தனாரிடம் ரசமட்டத்தை இரவல் வாங்கிவந்தேன். மேசைக்காலின் கீழ் அட்டை மடித்து வைத்துக் குமிழியை நடுவுக்குக் கொண்டுவந்தோம். மின்விசிறியை நிறுத்தியவர் அப்பா. யாரும் சொல்லவில்லை, தாமே எழுந்து போய் நிறுத்திவிட்டு, கதவையும் சாத்தினார்.

குறி நின்றது. கால்மணி நேரம் பார்த்துக்கொண்டிருந்தோம், அசையவே இல்லை.

பிறகு அப்பா அதைக் கையில் எடுத்தார். அறையில் யாரும் பேசவில்லை. குறி சில நொடிகள் நடுவில் நின்றது. பிறகு இடப்புறம் நகர்ந்தது. முன்னைவிட மிக மெதுவாக, ஆனால் நகரத்தான் செய்தது. மேசைமேல் வைத்தார்: நின்றது. எடுத்தார்: நகர்ந்தது. எவ்வளவு பங்கு கருவியுடையது, எவ்வளவு பங்கு தம்முடையது என்பது அவருக்கு விளங்கிவிட்டது. எனக்கு ஏதாவது ஆறுதல் சொல்லவேண்டும்போல் இருந்தது. அவரோ விரலை மடக்கி நொடி எண்ணிக்கொண்டிருந்தார்.

மகள் புத்திசாலி. "தாத்தா, மேசைக்குப் பதிலா உங்க கையில இருக்கும்போதே காலிபரேட் பண்ணிருவோமா? அப்ப குறி உங்களுக்கு நடுவுலயே நிக்கும்" என்றாள். அவள் சொன்னது தொழில்நுட்பப்படி சரிதான். கை மெல்லத் திரும்பும் வேகத்தையே சுழியம் என்று பதிந்துகொண்டால், அந்தத் திருப்பம் திரையில் தெரியாது. (அசைவை உணர்ந்தால் மறுத்துவிடும் கருவிகளும் உண்டு. எங்களுடையது மறுக்காத இனம்.) அப்பா அவளையே சற்று நேரம் பார்த்தார். "தட்டுக்கு அடியில புளி ஒட்டச் சொல்லுதியா தாயி?" என்றார். அவளுக்குப் புரியவில்லை. எடைத்தட்டின் அடியில் புளியுருண்டை ஒட்டி ஏமாற்றும் வியாபாரிகளின் கதையை அவர் இழுத்து இழுத்து, வார்த்தை சிக்கும் இடத்தில் நின்று நின்று சொல்லி முடித்தார். நோய்க்குப் பின் அவர் அவ்வளவு நீளமாகப் பேசியது அன்றுதான்.

அன்றிலிருந்து ஒரு நாட்குறிப்பு தொடங்கியது. தினமும் காலையில் மேசைமேல் குறி நிற்கிறதா என்று முதலில் பார்ப்பார். பிறகு கையில் எடுத்து, வட்டத்தை விட்டு வெளியேற எத்தனை நொடி என்று மகளைக் குறிக்கச் சொல்வார். முதல் நாள் நான்கு நொடி. ஒரு மாதம் கழித்து ஒன்பது. இடையில் ஆறுக்கு இறங்கிய வாரமும் உண்டு, அதையும் எழுதவைத்தார். நோட்டைப் பார்த்த மருத்துவர் பயிற்சியை மாற்றிக்கொடுத்தார்.

சீசனில் சித்தப்பா மகன் வீட்டுக்கு மேலகரம் போனோம். குறவஞ்சி பாடிய திரிகூடராசப்பக் கவிராயரின் ஊர். அவருடைய வசந்தவல்லி பந்தாடும் வேகத்தை எந்த உணரி அளக்குமோ என்று வகுப்பில் வேடிக்கையாகச் சொல்வதுண்டு. ஐந்தருவியிலிருந்து வந்த சாரலில் வீடே ஈரமாக இருந்தது. கைப்பிடியை வெளியில் எடுத்தவுடன் குறி மறுபடி ஓடியது, இம்முறை வலப்புறம். மகள் கலங்கிவிட்டாள். அப்பா கலங்கவில்லை. "குளுந்து போச்சுல்லா. தராசும் அப்படித்தான், எடம் மாறுனா மறுபடி பாக்கணும்" என்றார். வெப்பநிலை மாறினால் சுழியப்பிழையும் மாறும் என்று நான் மூன்று இரவுகள் படித்துத் தெரிந்துகொண்டதை அவர் ஒரு வரியில் முடித்துவிட்டார். அரைமணி நேரம் கருவியை அறையின் வெப்பத்துக்குப் பழகவிட்டுச் சீர்தூக்கினோம். குற்றாலநாதர் கோயிலில் அகத்தியர் தலையில் கைவைத்துத் திருமாலைச் சிவலிங்கமாகக் குறுக்கிய கதையை மகள் அன்று மாலை கேட்டுவிட்டு, "அவர் கை நடுங்கியிருக்காதா?" என்றாள். தலபுராணத்தில் விடை இல்லை.

இப்போது அப்பா பதினான்கு நொடி பிடிக்கிறார். பொடி வைத்து ஊதும் வேலை இனி இல்லை என்பது அவருக்குத் தெரியும். பட்டறைக் கருவிகளில் பெரும்பாலானவற்றை உறவுக்காரப் பையனுக்குக் கொடுத்துவிட்டார். கண்ணாடிப் பெட்டித் தராசை மட்டும் கொடுக்கவில்லை. வில்வித்தையில் மகள் அவருக்கு விட்டுக்கொடுப்பதில்லை. சென்ற ஞாயிறு அவர் ஒரே ஓர் ஆட்டத்தில் வென்றார். உடனே கைப்பிடியை மேசையில் வைத்து, குறி நிற்கிறதா என்று பார்த்தார்.