ஆந்த்ரேஸ் அடித்த ஒரே கோல்

கொலம்பியாவின் மெடெயினில் வளர்ந்தவர்களுக்குச் சாவுச் செய்தி புதிதல்ல. 1991இல் மட்டும் எங்கள் ஊரில் ஆறாயிரத்துக்கும் மேற்பட்டோர் கொல்லப்பட்டார்கள். பள்ளிக்குப் போகும் வழியில் பிணம் கிடந்தால் எதிர்ப்பக்கம் மாறி நடப்போம். 1993 டிசம்பரில் போதைக் கடத்தல் தலைவன் பாப்லோ எஸ்கோபார் சுட்டுக் கொல்லப்பட்டபோது, இனியாவது ராத்திரியில் பயமில்லாமல் தூங்கலாம் என்றார் அம்மா. ஏழு மாதம் கழித்து, 1994 ஜூலை 2 அன்று, விடிவதற்கு முன்பே, அதே குடும்பப்பெயர் கொண்ட இன்னொருவரைச் சுட்டார்கள். ஆறு குண்டுகள். ஆந்த்ரேஸ் எஸ்கோபாருக்கு வயது 27. பாப்லோவுக்கும் அவருக்கும் எந்த உறவும் கிடையாது.

ஆந்த்ரேஸ் எங்கள் ஊர்க் கால்பந்து கிளப்பான அட்லெட்டிகோ நசியோனாலின் தடுப்பாட்டக்காரர், சட்டை எண் 2. எதிராளியை இடித்துத் தள்ளிப் பந்தைப் பறிக்கிறவர் இல்லை. பந்து எங்கே வரும் என்று முன்பே கணித்து அங்கே நிற்பார். மைதானத்தின் கனவான் என்றே அவரை அழைத்தோம். 1989இல் நசியோனால், தென் அமெரிக்க கிளப்புகளுக்கான கோபா லிபர்டடோரெஸ் கோப்பையை வென்றது. கொலம்பிய கிளப் ஒன்றுக்கு அதுவே முதல்முறை. அன்று முன்பின் தெரியாதவர்கள் என்னைக் கட்டிப்பிடித்து அழுதார்கள். அந்தக் காலத்தில் எங்கள் பந்தாட்டத்துக்குள் போதைப் பணம் புரண்டதும் ஊரறிந்த சங்கதி. பணம் வந்த வழியிலேயே துப்பாக்கியும் வந்தது.

1994 ஜூன் 22, பசடேனா. உலகக் கோப்பையில் அமெரிக்காவுக்கு எதிரான ஆட்டம். அதற்கு முன்பே எங்கள் வீரர் ஒருவருக்குக் கொலை மிரட்டல் வந்து, அவரை வெளியே உட்காரவைத்துவிட்டார்கள். மற்றவர்கள் அந்தப் பயத்தோடுதான் இறங்கினார்கள். குறுக்கே வந்த பந்தைத் தடுக்க ஆந்த்ரேஸ் சறுக்கிக் காலை நீட்டினார். பந்து எங்கள் வலைக்குள் போனது. சேம் சைடு கோல். 2-1 என்று தோற்றோம். அவர் மல்லாந்து கிடந்ததைத் தொலைக்காட்சியில் பார்த்த அப்பா, ஒன்றும் பேசாமல் எழுந்து போனார்.

ஆந்த்ரேஸ் ஒளிந்துகொள்ளவில்லை. ஊருக்குத் திரும்பினார். அந்த ஆட்டம் நடந்த பத்தாம் நாள், ஓர் இரவு விடுதியின் கார் நிறுத்துமிடத்தில், அந்தக் கோலைச் சொல்லி ஏசியவர்களோடு வாக்குவாதம் முற்றி, கதை முடிந்தது. இறுதி ஊர்வலத்தில் லட்சத்துக்கும் மேற்பட்டோர் திரண்டார்கள். நானும் நின்றேன். நசியோனாலின் பச்சை வெள்ளைக் கொடிகளுக்கு நடுவே வளர்ந்த ஆண்கள் வாய்விட்டு அழுதார்கள். பிணத்தைக் கண்டால் ஒதுங்கி நடந்த ஊர் அன்று ஒதுங்கவில்லை.

சுட்டவனுக்கு 43 ஆண்டு தண்டனை விதித்தார்கள். 2005இலேயே வெளியே வந்துவிட்டான். அதை நீதி என்று நான் ஒருநாளும் ஏற்க மாட்டேன்.

ஆனால் இந்தக் கொலையால் உலுக்கப்பட்டவர்கள் எங்கள் பேட்டைகளில் அமைதிக்கான கால்பந்தைத் தொடங்கினார்கள். நடுவர் கிடையாது, சண்டை வந்தால் பேசித்தான் தீர்க்க வேண்டும். ஆணும் பெண்ணும் சேர்ந்தே ஆட வேண்டும், முதல் கோலைப் பெண்தான் அடிக்க வேண்டும். அந்த முறை பிறகு பல நாடுகளுக்கும் போனது.

கொலம்பியாவின் சட்டையை ஆந்த்ரேஸ் அணிந்தது ஆறே ஆண்டுகள். நாட்டுக்காக அவர் அடித்த கோல் ஒன்றே ஒன்று: 1988 மே மாதம், லண்டன் வெம்பிளியில், இங்கிலாந்துக்கு எதிராக, தலையால் முட்டி அடித்தது. ஆட்டம் 1-1 என்று சமனானது. பிள்ளைகளுக்கு அவரைப் பற்றிச் சொல்லும்போது, தயவுசெய்து அந்தக் கோலிலிருந்து தொடங்குங்கள்.