டீசல் ஸ்க்ரூவும் ஈசியூ ஃபைலும்

பொள்ளாச்சி சாலையில் மலுமிச்சம்பட்டிப் பக்கம் இருக்கும் அந்தப் பட்டறையில் இரண்டு சோதனை மேடைகள். வாசலை ஒட்டி இருப்பது பழையது. டீசல் பம்ப்பை மாட்டிச் சுழலவிட்டு, ஒவ்வொரு சிலிண்டருக்கும் எவ்வளவு டீசல் போகிறது என்பதை அளவுக்கோடு போட்ட கண்ணாடிக் குழாய்களில் பிடித்துப் பார்க்கும் எந்திரம். உள்ளே, தரையில் குழிவெட்டி எஃகு உருளைகளைப் பதித்திருப்பது புதியது, சக்கரத்தில் சக்தியை அளக்கும் டைனோ. பழையது அப்பாவுடையது, புதியது மகனுடையது. டர்போ கார்களின் சக்தியை மென்பொருளால் கூட்டுகிற வேலையைப் பார்க்கத்தான் நான் போனேன். அந்த வேலையின் சூட்சுமம் எனக்குப் பிடிபட்டது என்னவோ பழைய மேடையின் முன்னால் உட்கார்ந்திருந்தபோதுதான்.

பெரியவர் இப்போது பம்ப் வேலை எடுப்பதில்லை. ஆனாலும் காலையில் வந்து ஸ்டூலைப் போட்டு உட்கார்ந்துவிடுகிறார். "லாரிக்காரங்க வந்து நிப்பாங்க. லோடு ஏத்திட்டா திம்பம் ஏற மாட்டேங்குதுங்க, கொஞ்சம் டீசல் கூட்டி வைங்கன்னு." சத்தியமங்கலத்திலிருந்து மைசூருக்கு ஏறும் திம்பம் மலைப்பாதையில் 27 கொண்டை ஊசி வளைவுகள். பம்ப்பில் உச்ச டீசல் அளவைக் கட்டுப்படுத்த ஒரு ஸ்க்ரூ உண்டு. யாரும் கை வைக்கக் கூடாது என்று கம்பி போட்டு ஈயத்தில் சீல் வைத்திருப்பார்கள். "சீலை அறுக்க எத்தனை நேரமாகுமுங்க? ஆனா அரைச் சுத்து திருப்புனா வண்டி ஏறும். ஒரு சுத்து திருப்புனாலும் ஏறும். பிஸ்டன் உருகறது அடுத்த மாசம்தான் தெரியும்."

அதனால் அவர் லோடு வண்டியிலேயே ஏறிப் போய், மேட்டில் முழு மிதியில் ஓட்டச் சொல்லி, புகையைப் பார்த்துத்தான் ஸ்க்ரூவை நிறுத்துவாராம். லேசான புகை என்றால் சரி. கரும்புகை வந்தால், ஊற்றுகிற டீசலுக்குக் காற்று போதவில்லை என்று அர்த்தம். எரியாதது புகையாகப் போகிறது, சூடு பிஸ்டனிலும் வால்விலும் ஏறுகிறது. அவருக்குக் கணினி தெரியாது. மகன் திரையில் பார்ப்பதை எல்லாம் அவர் புகையின் நிறத்தில் பார்த்தவர்.

மகன் பாலிடெக்னிக்கில் எலக்ட்ரானிக்ஸ் படித்தவர். ஃபார்முலா மாருதி பந்தயக் கார்களை உருவாக்கிய கரிவரதனின் பெயரில் 2003இல் செட்டிப்பாளையத்தில் தொடங்கிய கரி மோட்டார் ஸ்பீட்வே பட்டறையிலிருந்து அதிகத் தூரமில்லை. படித்து முடித்ததும் அங்கே ஓடும் பந்தய அணி ஒன்றில் சேர்ந்து ஸ்பேனர் எடுத்துக் கொடுத்திருக்கிறார், டயர் மாற்றியிருக்கிறார், பிறகு மெல்ல மடிக்கணினிக்கு வந்திருக்கிறார்.

அன்று மேடை ஏறியது திருப்பூர் பனியன் கம்பெனி இளைஞர் ஒருவரின் போலோ. ஒரு லிட்டர் டிஎஸ்ஐ எஞ்சின். கம்பெனி கொடுத்தது 110 குதிரைச் சக்தி, 175 நியூட்டன் மீட்டர் இழுவை. அவர் கேட்டது ஒன்றே ஒன்று: "ரெண்டாயிரம் ஆர்பிஎம்லயே சீட்டோட அமுக்கோணும்ணா."

ஏன் டர்போ வண்டிகளே இங்கே அதிகம் வருகின்றன என்று கேட்டேன். டர்போ இல்லாத எஞ்சினில் பிஸ்டன் இறங்கும்போது உறிஞ்சுகிற காற்றுதான் கணக்கு. மென்பொருளில் என்ன செய்தாலும் அந்தக் காற்று கூடாது. சக்தியும் சில சதவீதத்துக்கு மேல் ஏறாது. டர்போவில் கதை வேறு. வெளியேறும் புகையின் வேகத்தில் ஒரு சக்கரம் சுழல்கிறது. அதே தண்டின் மறுமுனையில் இருக்கும் சக்கரம் காற்றை அழுத்தி எஞ்சினுக்குள் தள்ளுகிறது. சிறிய பெட்ரோல் டர்போக்களில் இந்தத் தண்டு நிமிடத்துக்கு 2 லட்சம் சுற்றைத் தாண்டும். எவ்வளவு அழுத்தலாம் என்பதை வேஸ்ட்கேட் என்ற சிறு கதவைத் திறந்தும் மூடியும் தீர்மானிப்பது ஈசியூ என்ற எஞ்சின் கணினி. ஆக, எஞ்சினுக்குள் போகும் காற்றே ஈசியூவின் மென்பொருள் ஃபைலில் எழுதியிருக்கும் ஓர் எண். அதைக் கூட்டினால் காற்று கூடும், 14.7 கிராம் காற்றுக்கு ஒரு கிராம் பெட்ரோல் என்ற கணக்கை ஒட்டி எரிபொருளும் கூடும்.

முதலில் கம்பெனி ஃபைலோடு ஓட்டம். உதவிக்கு இருந்த கிணத்துக்கடவுத் தம்பி, முன் சக்கரங்களை உருளைமேல் ஏற்றி, நாடாக்களால் நான்கு பக்கமும் இழுத்துக் கட்டினார். கட்டிய பிறகு ஒவ்வொரு நாடாவையும் முழு உடம்பின் எடையோடு தொங்கி இழுத்துப் பார்த்தார். கார் நின்ற இடத்தில் நூறு கிலோமீட்டர் வேகத்தைத் தாண்டப் போகிறது. ஒரு நாடா நழுவினால் எதிரே சுவர்தான். ஆள் உயர மின்விசிறி முன்னால் ஊதத் தொடங்கியது. நான்காவது கியரில் முழு மிதி. கொட்டகைத் தகரம் அதிர்ந்தது. திரையில் இரண்டு கோடுகள் எழுந்து வந்தன. சக்கரத்தில் அளப்பதால், கியர்பெட்டியிலும் டயரிலும் போகும் இழப்பு கழிந்து, எண் கம்பெனி சொல்வதைவிடக் குறைவாகத்தான் வரும். கடைகள் இதை ஏதோ ஒரு சதவீதத்தால் பெருக்கிக் காட்டுவது வழக்கம். மகன் பெருக்குவதில்லை. முன்னும் பின்னும் ஒரே மேடையில், அதே வெப்பத்தில் அளந்தால் போதும் என்பது அவர் கட்சி. எனக்கும் அதுதான் நேர்மையாகப் பட்டது.

பிறகு ஃபைலை எழுதும் கட்டம். ஸ்டியரிங்குக்குக் கீழே இருக்கும் ஓபிடி சாக்கெட்டில் கருவியை மாட்டுகிறார்கள். அதற்கு முன்பே பேட்டரிக்குத் தனியாக மின்சாரம் கொடுத்தாயிற்று. பாதி எழுதும்போது வோல்டேஜ் இறங்கினால் ஈசியூ செத்த பெட்டியாகிவிடும். ஏசி, விளக்கு எதுவும் போடக் கூடாது. கதவைத் திறக்கக்கூட யாரையும் விடவில்லை.

புது ஃபைலில் என்ன மாறியிருக்கிறது என்று மகன் மடிக்கணினியில் காட்டினார். பார்த்தால் வெறும் எண் வரிசை. படமாக மாற்றினால் மேப் என்கிற ஒவ்வொரு அட்டவணையும் மலைத்தொடர் மாதிரி எழுகிறது: ஒரு பக்கம் ஆர்பிஎம், ஒரு பக்கம் லோடு, உயரம்தான் மதிப்பு. ஆக்சிலேட்டரை மிதிப்பதை ஈசியூ, "இவ்வளவு இழுவை வேண்டும்" என்ற கோரிக்கையாகவே எடுத்துக்கொள்கிறது. அதைக் கொடுக்கலாமா என்று பல மேப்புகளைக் கேட்கிறது. கியருக்கு ஒரு வரம்பு, கிளட்ச்சுக்கு ஒன்று, உள்ளே வரும் காற்றின் வெப்பத்துக்கு ஒன்று, டர்போவைக் காக்க ஒன்று, வெளியேறும் புகை அளவுக்கு மேல் சூடானால் பெட்ரோலைக் கூட்டிக் குளிர்விக்க ஒன்று. பூஸ்ட் எனப்படும் டர்போ அழுத்தத்தை மட்டும் தூக்கினால் மற்றவை பிடித்து இழுத்துவிடும். அவசரக்காரர்கள் இழுக்கிற எல்லாவற்றையும் திறந்துவிடுகிறார்கள்.

"ஒவ்வொரு வரம்பையும் யாரோ ஒரு இன்ஜினியர் ஏதோ ஒண்ண ஒடச்சுப் பாத்துட்டுத்தாங்க எழுதியிருப்பார். எதை ஒடச்சாருன்னு தெரியாம நான் எப்படிங்க தொடறது?" என்றார்.

இப்படி மேப்புகளை மாற்றித் தருவதாக ரீமேப் பலகை மாட்டியிருக்கும் எல்லாக் கடையிலும் இந்தக் கேள்வி இருக்காது. பல கடைகளில் கருவி ஃபைலை எடுத்துக் கொடுக்கும், அவ்வளவுதான். அது வேறு ஊருக்கோ வேறு நாட்டுக்கோ மின்னஞ்சலில் போகும்; வண்டியைப் பார்த்தே இராத யாரோ மாற்றி அனுப்புவதை அப்படியே ஏற்றிவிடுவார்கள். ஐரோப்பாவில் 98 ஆக்டேன் பெட்ரோலை நினைத்து எழுதிய மேப், இங்கே சாதாரணப் பெட்ரோல் போட்டுப் பழகிய வண்டிக்கு, சித்திரை வெயிலில் வந்து சேரும். இதைத் தொழில் என்று என்னால் சொல்ல முடியவில்லை. வாடிக்கையாளர் கொடுப்பது மொத்தமும் எந்த வரம்பை எவ்வளவு தொடலாம் என்ற தீர்மானத்துக்கான கூலி. தீர்மானிப்பவரோ அங்கே இல்லை.

இரண்டாவது ஓட்டத்தில் கோடு நன்றாகவே மேலேறியது. இளைஞர் முகம் மலர்ந்தார். டியூனரான மகன் மட்டும் காதில் ஹெட்போனை மாட்டிக்கொண்டு இன்னொரு முறை ஓட்டச் சொன்னார். எஞ்சின் பிளாக்கில் ஒட்டிய மைக்கிலிருந்து வருகிற சத்தம் அது. அழுத்தம் கூடினால் பெட்ரோல்–காற்றுக் கலவையில் எஞ்சியிருக்கும் பகுதி, தீ வந்து சேரும் முன் தானே வெடிக்கும். அந்த டிக் டிக் தட்டலுக்கு நாக் என்று பெயர். எனக்கும் ஹெட்போனைக் கொடுத்தார். இரைச்சலைத் தவிர எனக்கு எதுவும் கேட்கவில்லை. அவருக்கு 2,000 சுற்றுக்குப் பக்கத்தில் ஒரு தட்டு கேட்டிருக்கிறது. ஈசியூ தன் நாக் சென்சாரில் பிடித்துப் பற்றவைப்பைப் பின்தள்ளியிருப்பதும் ஓட்டத்தின் பதிவேடான லாகில் இருந்தது.

சிக்கல் சரியாக இளைஞர் இழுவை கேட்ட இடத்தில்தான். நேரடியாக சிலிண்டருக்குள் பெட்ரோல் பீய்ச்சும் சிறிய டர்போ எஞ்சின்களில், குறைந்த சுற்றில் அதிக லோடு கொடுக்கும்போது, ஸ்பார்க் வருமுன்பே கலவை பற்றிக்கொள்ளும் ஆபத்து உண்டு. அது நாக் மாதிரி மெதுவாக எச்சரிக்காது. ஒரே அடியில் பிஸ்டனில் வளையங்களுக்கு இடையிலுள்ள மேடு உடைந்துபோகலாம். வாடிக்கையாளர் சீட்டில் உணர விரும்புவது இந்த இடத்தைத்தான். கடைகள் விளம்பரத்தில் காட்ட விரும்புவதும் இதைத்தான். டியூனர் அந்த இடத்து மலையை வழித்துவிட்டு, ஏற்றத்தை 2,500க்கு மேல் தள்ளிவைத்தார். இளைஞர் வாதாடினார். "அப்பறம் எதுக்குங்ணா காசு குடுத்து?" டியூனர் லாகைத் திருப்பிக் காட்டி, எந்த பங்க்கில் எந்தப் பெட்ரோல் போடுவீர்கள் என்று கேட்டார். 95 என்றால் ஒரு ஃபைல், 100 போட்டே தீருவேன் என்றால் இன்னொன்று. சாதாரணப் பெட்ரோல்தான் என்றால் இப்போது வைத்திருப்பதிலும் கொஞ்சம் குறைக்க வேண்டும். பேச்சு முடியவே அரை மணி ஆயிற்று.

பிறகு ஊட்டி. கோவைக்காரர் வண்டி மலை ஏறாமல் இருக்காது. கோவையில் காற்றழுத்தம் ஏறத்தாழ 965 மில்லிபார். 2,240 மீட்டர் உயர ஊட்டியில் சுமார் 775. எஞ்சினுக்குள் 1,800 மில்லிபார் வேண்டும் என்று மேப் கேட்டால், கீழே டர்போ காற்றை 1.87 மடங்கு அழுத்தினால் போதும்; மேலே 2.3 மடங்கு. மெலிந்த காற்றில் அதே அழுத்தத்தை எட்ட, தண்டு இன்னும் வேகமாகச் சுழன்றாக வேண்டும். உயரத்தில் சக்தி குறையாமல் இருப்பதுதான் டர்போவுக்குப் பெயர் வாங்கிக் கொடுத்தது. சுவிஸ் பொறியாளர் ஆல்ஃபிரட் பூஹி 1905இல் டர்போவுக்குக் காப்புரிமை பெற்றார். 1918இல் அமெரிக்கரான சான்ஃபோர்ட் மாஸ், விமான எஞ்சின் ஒன்றை 4,300 மீட்டர் பைக்ஸ் பீக் சிகரத்துக்கே கொண்டுபோய் டர்போவோடு ஓட்டிக் காட்டினார். ஆனால் தண்டின் வேகத்துக்கு ஓர் எல்லை இருக்கிறது. அதனால்தான் கம்பெனி ஃபைலில், வெளிக்காற்று மெலிந்தால் பூஸ்டைக் குறைக்கும் மேப் இருக்கிறது. சமவெளி டைனோவில் அதைத் திறந்துவிட்டாலும் எந்த வித்தியாசமும் தெரியாது. குன்னூர் தாண்டித்தான் தெரியும். டியூனர் அந்த மேப்பைத் தொடுவதே இல்லை.

கியர்பெட்டிக்கும் இதே கவனம் வேண்டும். ஃபோக்ஸ்வாகனின் உலர் கிளட்ச் ஏழு கியர் டிஎஸ்ஜி 250 நியூட்டன் மீட்டருக்கு உருவான பெட்டி. வெர்டஸில் வரும் ஒன்றரை லிட்டர் எஞ்சின் கம்பெனியிலிருந்தே 250 கொடுக்கிறது. அதில் இழுவையைக் கூட்டித் தாருங்கள் என்று வருகிறவர்களைத் திருப்பி அனுப்பிவிடுவதாகச் சொன்னார்.

அவர் திருப்பி அனுப்பும் இன்னொரு கூட்டம் டீசல் வண்டிக்காரர்கள். 2020 ஏப்ரலில் பிஎஸ்6 மாசு விதி வந்தபிறகு டீசல் கார்களில் கரித்துகளைப் பிடிக்கும் டிபிஎஃப் வடிகட்டி இருக்கிறது. நகருக்குள்ளேயே ஓடும் வண்டிகளில் அது அடைத்துக்கொள்ளும். அதை வெட்டி எறிந்துவிட்டு, வடிகட்டி இருப்பதாகவே ஈசியூவை நம்பவைக்கும் ஃபைலைக் கேட்டு வருகிறார்கள். மென்பொருள் பொய் சொன்னால் என்ன ஆகும் என்பதை 2015இல் உலகம் பார்த்தது: சோதனைக்கூடத்தில் மட்டும் சுத்தமாக ஓடும்படி எழுதிய ஃபோக்ஸ்வாகன் டீசல் கார்கள் ஒரு கோடிக்கு மேல். நம் புகைச் சான்றிதழ்ச் சோதனை நிற்கும் வண்டியில் நடப்பது, ஏமாற்றுவது எளிது. ஆனால் அந்தக் கரித்துகள் பின்னால் ஸ்கூட்டரில் வரும் குழந்தையின் நுரையீரலுக்குத்தான் போகிறது. இதற்குப் பணம் வாங்குவதை நான் குற்றம் என்றே சொல்வேன். வாசலில் இருந்து கேட்டுக்கொண்டிருந்த பெரியவர், "அந்தக் காலத்துல புகைய மறைக்க முடியாதுங்க. ரோடே பாக்கும்" என்றார்.

சட்டம் ரீமேப்புக்கே சாதகமாக இல்லை என்பதையும் சொல்ல வேண்டும். பதிவுச் சான்றில் உள்ள விவரங்கள் தயாரிப்பாளர் குறித்ததற்கு மாறும்படி வண்டியை மாற்றக் கூடாது என்பது மோட்டார் வாகனச் சட்டத்தின் 52ஆம் பிரிவு. 2019 ஜனவரியில் உச்ச நீதிமன்றம் அதை இறுக்கமாகவே வாசித்தது. அதே ஆண்டுத் திருத்தம், அனுமதியில்லாத மாற்றத்துக்கு ஆறு மாதம் வரை சிறை அல்லது மாற்றம் ஒன்றுக்கு 5,000 ரூபாய் அபராதம் அல்லது இரண்டும் என்கிறது. கம்பெனி சர்வீஸில் ஃபைல் மாறியது தெரிந்தால் வாரண்டியும் போகும். இவற்றை டியூனர் ஒரு தாளில் அச்சடித்து வைத்திருக்கிறார். கையெழுத்துப் போடாமல் வண்டி மேடை ஏறுவதில்லை. பந்தயத் தளத்தில் ஓடும் கார்களே இந்தக் கைத்திறனுக்கு உரிய இடம் என்பது என் எண்ணம். அவரும் மறுக்கவில்லை, ஆனால் பந்தய வண்டிகளை மட்டும் நம்பினால் மூன்று பேருக்குச் சம்பளம் வராது என்றார்.

போலோ கடைசியாக இறங்கியபோது இழுவை 210ஐ ஒட்டி நின்றது. இரண்டாவது ஓட்டத்தில் எட்டியதைவிடக் குறைவு. நாடாக்களைச் சுருட்டிக்கொண்டிருந்த தம்பியிடம் இளைஞர், ஊரில் இன்னொரு கடையில் 240 வரை தருகிறார்களாமே என்று தாழ்ந்த குரலில் விசாரித்தார். தம்பி, "அங்க லாக் காட்டுவாங்களான்னு கேளுங்ணா" என்று சொல்லிவிட்டு அடுத்த வண்டிக்கு உருளையைத் துடைக்கப் போனார். டியூனர் ஒரு சிறிய பதிவுக்கருவியை ஓபிடி சாக்கெட்டில் மாட்டிக் கொடுத்தனுப்பினார். ஆயிரம் கிலோமீட்டர் ஓட்டி, அதில் ஒரு தடவையாவது ஊட்டி ஏறி இறங்கி, லாகைக் கொண்டுவர வேண்டும். அதைப் பார்த்துத்தான் ஃபைலை முடிவு செய்வார். மீதிப் பணத்தையும் அப்போதுதான் வாங்கிக்கொள்வார்.