கொடியின் பெயர் தாங்கிய உணவு

கரீபியன் கடலுக்கும் அட்லாண்டிக் பெருங்கடலுக்கும் இடையே அமைந்த இஸ்பானியோலா தீவை இரு நாடுகள் பகிர்ந்துகொண்டுள்ளன. மேற்கே ஹெயிட்டி, கிழக்கே தொமினிக்கன் குடியரசு. கிழக்கு நாட்டின் தலைநகர் சாந்தோ தொமிங்கோ. நம் முன்னோர் சாமிநாதர் என அன்புடன் அழைத்த புனிதரின் திருப்பெயரே அது.

நண்பகலானால் அந்நாட்டு இல்லங்களிலிருந்து பூண்டும் வெங்காயமும் குடைமிளகாயும் வதங்கும் மணம் எழும். சோறு, சிவப்பு பீன்ஸ் குழம்பு, இறைச்சி ஆகிய மூன்றும் சேர்ந்த மதிய உணவுக்கு அம்மக்கள் இட்ட பெயர் 'லா பந்தேரா'. 'கொடி' என்பது அதன் பொருள். அந்நாட்டுத் தேசியக் கொடியின் நடுவே சிலுவையும், யோவான் நற்செய்தியில் திறந்து வைக்கப்பட்ட விவிலியமும் இடம்பெற்றிருப்பதை நம்மில் சிலரே அறிவர்.

குழம்பு செய்யும் முறை எளிது. கடைகளில் ராஜ்மா என விற்கும் சிவப்பு பீன்ஸ் கால் கிலோவை இரவு முழுவதும் ஊறவைத்து, அந்நீரைக் கொட்டிவிட வேண்டும். புது நீரில் பத்து நிமிடமேனும் நன்கு கொதிக்கவிட்டு, பின் மெல்லிய தீயில் மசியும்வரை வேகவைக்க வேண்டும். அரைவேக்காட்டில் உண்டால் வயிற்றுக்குத் தீங்கு. வேறொரு பாத்திரத்தில் வெங்காயம், பூண்டு, குடைமிளகாய், தக்காளி ஆகியவற்றை வதக்கி, வெந்த பீன்ஸை அதன் நீரோடு சேர்க்க வேண்டும். ஒரு கைப்பிடி பரங்கிக்காய்த் துண்டுகளும் உப்பும் இட்டு இருபது நிமிடம் கொதித்தால், பரங்கி கரைந்து குழம்பு தானே கெட்டியாகும். இறுதியில் கொத்தமல்லித் தழை. சோற்றுப் பானையின் அடியில் பிடித்த காந்தலை 'கொன்கோன்' என்பர். அதற்கு வீட்டில் போட்டியே நடக்கும்!

தவக்காலத்தில் இதே பீன்ஸ் இனிப்பாகவும் மாறுகிறது. வேகவைத்து அரைத்து வடிகட்டி, பால், தேங்காய்ப்பால், சர்க்கரை, சர்க்கரைவள்ளிக் கிழங்கு, பட்டை, கிராம்பு சேர்த்துப் பெரிய பானையில் காய்ச்சுவர். தம் வீட்டுக்கு மட்டும் என அதை எவரும் காய்ச்சுவதில்லை. அண்டை வீடுகளுக்கும் உறவினருக்கும் கிண்ணம் கிண்ணமாகச் செல்லும்.

அந்த ஒரு தட்டில் ஒரு வரலாறே அடங்கியுள்ளது. பீன்ஸ் அமெரிக்க மண்ணின் விளைபொருள். அரிசி ஸ்பானியர் கொண்டுவந்தது. சமைத்த கைகளுள் பல, அடிமைகளாகக் கடத்திவரப்பட்ட ஆப்பிரிக்கருடையவை. தீவின் பூர்வகுடியினரான தாயினோ மக்களோ கொடிய உழைப்பாலும் நோயாலும் மடிந்தனர். 1511-ஆம் ஆண்டு திருவருகைக்காலத்து நான்காம் ஞாயிறன்று, சாமிநாதர் சபைக் குரு அந்தோனியோ தெ மொந்தெசினோஸ் மறையுரை மேடையேறி, இவர்களும் மனிதர் அல்லரோ என்று ஆளுநர் முன்னிலையிலேயே வினவினார். சொன்னதைத் திரும்பப் பெறுமாறு அதிகாரிகள் வற்புறுத்தினர். அவரோ அடுத்த ஞாயிறும் அதையே முழங்கினார். அவருடைய சபையினர் அனைவரும் அவருக்குத் துணை நின்றனர். இன்று தலைநகர்க் கடற்கரையில், வாயருகே கைவைத்துக் கூவும் கோலத்தில் அவரது பெருஞ்சிலை நிற்கிறது.

அவர் எழுப்பிய வினா இன்னும் ஓயவில்லை. கரும்பு வெட்ட ஹெயிட்டியிலிருந்து தலைமுறை தலைமுறையாக வந்தோர் அந்நாட்டில் ஏராளம். அவர்கள் உண்பதும் அதே சோறும் பீன்ஸுமே. எனினும் 1929-க்குப் பின், உரிய ஆவணமற்ற வெளிநாட்டுப் பெற்றோர்க்கு அங்கே பிறந்தவர்களுக்குக் குடியுரிமை இல்லையென 2013-இல் அரசியலமைப்பு நீதிமன்றம் தீர்ப்பளித்தது. 2014-ஆம் ஆண்டுச் சட்டம் சிலருக்கு வழி திறந்தது. பலர் பிறந்த மண்ணிலேயே அந்நியராயினர். ஒரே உணவை உண்போர் ஒரே பந்தியில் அமர இயலாத நிலை இது.

அன்பர்களே! வரும் தவக்கால வெள்ளியொன்றில் இக்குழம்பை நம் இல்லங்களில் சமைத்துப் பார்ப்போம். புலால் தவிர்த்த நாளுக்கு இது நிறைவான உணவு. ஒரு கிண்ணம் கூடுதலாகவே சமைப்போம். அதை எடுத்துக்கொண்டு யார் வீட்டுக் கதவைத் தட்டப்போகிறோம்? நாம் இதுவரை நம் பந்திக்கு அழைக்காதவர் வீட்டுக் கதவாக அது இருக்கட்டும்.