வரி கேட்டு வந்த வருஷம்

சென்ற இதழ் கேள்வி-பதிலில், வெளியூரிலிருந்து வந்து நிலம் வாங்கிய வாசகர் ஒருவர், 'இரண்டு வருடமாகியும் ஊர்க்காரர்கள் ஒட்டவில்லை; மனைவி வேறு மாநிலம் என்பதாலா?' என்று கேட்டிருந்தார்.

என் அப்பா சிவகங்கைச் சீமையில் ஒரு கண்மாய்க் கிராமத்துக்காரர். அம்மா பர்மியப் பெண், ஐராவதி ஆற்றுப் பக்கம். 1964-ல் அங்கே கடைகளை அரசுடைமையாக்கி, 50, 100 கியாட் நோட்டுகளையும் செல்லாது என்றாக்கிய பிறகு கப்பலேறி, தாத்தாவின் 2 ஏக்கரை நம்பி வந்தோம். எனக்கு 7 வயது.

பெரியப்பா வீட்டில் சோறு போட்டார்கள். ஆனால் ஊர்க் கணக்கில் நாங்கள் இல்லை. திருவிழாவுக்குத் தலைக்கட்டு வரி கேட்டு யாரும் வரவில்லை. அப்பா தானாகக் கொண்டுபோனார். 'இருக்கட்டும்ப்பா, பார்ப்போம்' என்று திருப்பிவிட்டார்கள். மிச்சம் என்று சந்தோஷப்பட முடியாது. வரி கொடுக்காதவனுக்கு ஊர்க்கூட்டத்தில் பேச்சு கிடையாது. கண்மாய்த் தண்ணீர் முறையைப் பேசுவதும் அங்கேதான். எங்கள் வயலோ கடைமடை.

அம்மாவுக்குத் தெரிந்தது நடவு. ஆவணியில் காய்ந்த புழுதியில் நெல்லை விதைத்துவிட்டு வானத்தைப் பார்ப்பதை நம்பவே முடியவில்லை. பக்கத்து வயல் அப்பத்தாதான், 'ஏ பர்மாக்காரி, வா இங்க' என்று களைக்கு இழுத்துப் போனார். அங்கே நாலு நாள், எங்கள் வயலில் நாலு நாள். களைக்கு வந்தவர்களுக்கு அம்மா பர்மா பக்குவத்தில் புளிச்சகீரையைக் காய்ந்த இறால் போட்டு வதக்கிக் கொடுத்தார். 'காரமே இல்லையே' என்று சிரித்தார்கள். மறுநாளும் வந்தார்கள்.

வரத்துக்கால் வெட்ட வீட்டுக்கு ஓர் ஆள் என்று தண்டோரா போட்டபோதெல்லாம், யாரும் கேட்காமலே அப்பா மண்வெட்டியோடு போய் நின்றார். மூன்று வருடம். நாலாவது வருடம் காய்ச்சல், போகவில்லை. சாயங்காலம் ஊர்ப் பெரியவர் ஒருவர் வாசலில் வந்து நின்று, 'உங்க வீட்டு ஆள் எங்கே?' என்று சத்தம் போட்டார். அம்மா உள்ளே வந்து சிரித்தது இன்னும் நினைவிருக்கிறது. அந்தப் பங்குனியில் வரி கேட்டு வந்தார்கள். ஐந்து ரூபாய்.

எல்லாம் அதோடு சரியாகிவிடவில்லை. என் கல்யாணப் பேச்சில் பழைய பேர் மறுபடி கிளம்பியது. பெண் வெளியூரில்தான் அமைந்தது. ஆனால் தண்ணீர் முறையில் அப்பா பேசினால் கேட்டார்கள்.

அந்த வாசகரிடம் ஒன்று கேட்கத் தோன்றுகிறது. நிலத்தைச் சுற்றிக் கம்பிவேலி போட்டிருக்கிறீர்களா? அறுப்பு முடிந்து கிடை ஆடு போகும் தடம் அதில் அடைபட்டிருந்தால் முதலில் அதைத் திறந்துவிடுங்கள். வரத்துக்கால் வேலை எந்த நாள் என்று நீர்ப்பாய்ச்சியிடம் கேட்டு வையுங்கள்.