மான் துரத்தினால் யுத்தம் வரும்!

காட்டில் ஒரு மானைத் துரத்திக்கொண்டு போனால் என்ன ஆகும் என்று உங்களுக்குத் தெரியும். லங்கை எரியும். நம் ஊர் கதை அது. இன்னொரு மான் கதை இருக்கிறது, கேளுங்கள்.

பதீஉஸ் ஸமான் என்று ஒரு இளவரசன். வேட்டைக்குப் போன இடத்தில் ஒரு மான்குட்டியைப் பார்க்கிறான். துரத்துகிறான். கையில் சிக்கவில்லை, அம்பை விட்டு விடுகிறான். விழுந்தது மான் இல்லை. மான் வேஷத்தில் எல்லையைக் காவல் காத்த மந்திரவாதி! அவ்வளவுதான், பையன் கைதி. அவனை மீட்க ஒரு பட்டாளமே கிளம்புகிறது. அங்கே ஆரம்பிக்கிற யுத்தம், உருதுவில் எட்டாயிரம் பக்கத்துக்கு நடக்கிறது. ‘திலிஸ்மே ஹோஷ்ருபா’ என்று பெயர். புத்தியைப் பறிக்கும் மாய உலகம் என்று வைத்துக்கொள்ளலாம்.

நான் பி.காம். ஆசாமி. எதைப் பார்த்தாலும் வகுத்துப் பார்க்கிற வியாதி உண்டு. தினம் இருபது பக்கம் என்றால் நானூறு நாள். நடுவில் தீபாவளி, ரம்ஜான், மாமியார் வருகை எல்லாம் கழித்தால் ஒன்றரை வருஷம்!

இந்தக் கதையை நான் கேட்டது லக்னோவிலோ டெல்லியிலோ இல்லை. மேல்விஷாரத்தில். ஆற்காட்டுக்கும் வேலூருக்கும் நடுவில் பாலாற்றங்கரையில் இருக்கிறதே, அதே தோல் ஊர். நண்பர் ஒருவரின் அப்பா, எழுபதைத் தாண்டியவர், தோல் ஷாப்பில் முப்பது வருஷம் கணக்கு எழுதியவர், தன் பேத்திக்குத் தமிழில் சொல்லிக்கொண்டிருந்தார். ஓரமாக உட்கார்ந்தேன். சாயங்காலம் ஊர் திரும்ப வேண்டியவன், இரவு பத்து மணிக்கு பஸ் பிடித்தேன்.

திலிஸ்ம் என்பது மந்திரவாதிகள் கட்டிய உலகம். காடு, மலை, கோட்டை, ஆறு எல்லாம் மாயம். ஆனால் அதற்கும் ஒரு ஆயுசு உண்டு. இன்னார் வந்து உடைப்பார் என்று முதலிலேயே விதிக்கப்பட்டிருக்கும். எப்படி உடைப்பது என்பது ஒரு பலகையில் எழுதியிருக்கும். அதற்கு ‘லௌஹ்’ என்று பெயர். அந்தப் பலகையை ஒளித்து வைத்திருக்கிறான் மந்திரவாதிகளின் ராஜா அஃப்ராஸியாப். அவனிடம் ஒரு புத்தகமும் இருக்கிறது. எங்கே என்ன நடந்தாலும் அதைப் பிரித்தால் தெரிந்துவிடும். இவ்வளவு இருந்தும் அவனை ஒருத்தன் திரும்பத் திரும்ப ஏமாற்றுகிறான் பாருங்கள், அங்கேதான் கதை!

அவன் பெயர் உம்ரு அய்யார். ஒற்றன், மாறுவேஷக்காரன், மகா கஞ்சன். தோளில் ஒரு பை. உலகத்தையே உள்ளே போட்டாலும் நிறையாது. எதிரி முகாமில் மயக்க மருந்து கொடுத்து எல்லோரையும் சாய்த்துவிட்டு, விரித்த ஜமக்காளத்தைக்கூட விடாமல் சுருட்டிப் பையில் போட்டுக்கொள்வான். ஆனாலும் கையில் காசே இல்லை என்று புலம்புவான். “தம்பி, நான் பார்த்த எத்தனையோ முதலாளிங்க இவனேதான்” என்றார் பெரியவர். பேத்தி சிரித்தாள். பக்கத்திலிருந்த முதலாளி மகன், அதாவது என் நண்பர், சிரிக்கவில்லை.

பெண்கள்? சும்மா அழுதுகொண்டிருக்கிற ஆட்களே இல்லை. அஃப்ராஸியாபின் பக்கத்திலிருந்து பிரிந்து வந்து எதிர்ப்படைக்குத் தலைமை தாங்குகிறாள் மஹ்ருக். ராணியின் சொந்தத் தங்கை பஹார், அவளும் இந்தப் பக்கம் வந்துவிடுகிறாள். பஹார் ஒரு பூச்செண்டை வீசினால் போதும், போர்க்களம் வசந்தத் தோட்டமாகிவிடும். வாளோடு வந்தவன் அவள் மேல் பைத்தியமாகி நிற்பான். நம்மூர் சினிமாக்காரர்கள் இதை எப்படி விட்டுவைத்தார்கள் என்பது எனக்குப் புரியவில்லை.

அந்த நாட்டை இரண்டாகப் பிரிக்கிற ஆறு ஒன்று உண்டு. தண்ணீர் இல்லை, ரத்தம் ஓடும். “பாலாறு மாதிரியா தாதா?” என்றாள் குழந்தை. “பாலாத்துல எதும்மா ஓடுது?” என்றார் அவர். பிறகு கொஞ்ச நேரம் பேசவில்லை. இந்தப் பகுதித் தோல் கழிவு பற்றி 1996 ஆகஸ்டில் உச்ச நீதிமன்றம் கொடுத்த தீர்ப்பு, நாடு முழுக்கச் சட்டக் கல்லூரிகளில் பாடம். அந்தக் கணக்குகளை எழுதிய கைகளில் ஒன்று அவருடையது. நானும் கேட்கவில்லை.

லக்னோவின் நவல் கிஷோர் அச்சகம் 1883-ல் இதன் முதல் தொகுதியைப் போட்டது. எழுதியவர் முகமது ஹுசைன் ஜாஹ். நான்கு தொகுதிகளோடு அவர் விலக, அஹமது ஹுசைன் கமர் முடித்தார். அதற்கு முன்பு வாயால் சொல்வதுதான். சொல்கிறவர் தாஸ்தான்கோ. டெல்லியின் கடைசிப் பெரிய தாஸ்தான்கோ மீர் பாக்கர் அலி 1928-ல் காலமானார். பிறகு ஏறக்குறைய எண்பது வருஷம் மௌனம். 2005-ல் ஷம்சுர் ரஹ்மான் ஃபாரூக்கியும் அவர் உறவினர் மஹ்மூத் ஃபாரூக்கியும் சேர்ந்து அதை மேடைக்குக் கொண்டுவந்தார்கள்.

பெரியவரிடம் இருப்பது முதல் தொகுதி மட்டும், அதுவும் கடைசிப் பக்கங்கள் போனது. கண்ணில் புரை, எழுத்து தெரிவதில்லை. அவருடைய அப்பா வாசித்துக் கேட்டதை வைத்துத்தான் சொல்கிறார். மகனுக்கு உருது பேச வரும், படிக்க வராது. பேத்திக்கு இரண்டும் வராது. வீட்டை இடித்துக் கட்டுகிறார்கள். பழைய டிரங்குப் பெட்டியோடு சேர்த்து இந்தப் புத்தகமும் பேப்பர் கடைக்குப் போக இருந்தது. “யாருக்குப் படிக்கத் தெரியும், சொல்லுங்க?” என்றார் நண்பர். நியாயமான கேள்வி. எனக்குப் பிடிக்கவில்லை.

இதே ஹம்ஸா கதைகளுக்கு அக்பர் ஆயிரத்து நானூறு ஓவியங்கள் வரைய வைத்தார். பதினைந்து வருஷ வேலை, துணி மேல். மிஞ்சியது இருநூறுகூட இல்லை. 1881-ல் ஸ்ரீநகருக்குப் போன ஓர் ஆங்கிலேயர் அவற்றில் சிலவற்றை வாங்கி லண்டன் மியூசியத்துக்கு அனுப்பினார். அதுவரை அவை எங்கே இருந்தன தெரியுமா? குளிர்காற்று வராமல் ஜன்னலை அடைக்க!

இதை நண்பரிடம் சொன்னேன். “புதுசா எல்லாம் செல்போன்லயே கிடைக்குதாமே” என்றார். உண்மைதான், ரேக்தா இணையதளத்தில் முழுத் தொகுதிகளும் இருக்கின்றன. இருந்தாலும் அவை இவருடைய அப்பா விரல் வைத்துப் படித்த பக்கங்கள் இல்லையே. தவிர, கண் தெரியாத மனிதருக்கு செல்போன் எதற்கு?

பேத்தி ஒரு வழி கண்டுபிடித்திருக்கிறாள். நாற்பது பக்க நோட்டு. தாதா சொல்லச் சொல்லத் தமிழில் எழுதுகிறாள். இரண்டு நாள் கழித்து அவர் மாற்றிச் சொன்னால் சண்டை. “நேத்து குகைன்னீங்க, இன்னிக்கு கோட்டைன்றீங்க!” அவர் அசருவதில்லை. “அப்ப ரெண்டையும் எழுதிக்கோ” என்கிறார். காதலன் திரைக்கு இந்தப் பக்கம், காதலி அந்தப் பக்கம். கை நீட்டித் திரையை விலக்க வேண்டியதுதான் பாக்கி. அதை விலக்காமலே நாள்கணக்கில் கதையை இழுத்த தாஸ்தான்கோ ஒருவர் இருந்தார் என்பார்கள். இவரும் அந்த வம்சம்தான்.

போன வாரம் போனில் விசாரித்தேன். பெட்டி பேப்பர் கடைக்குப் போகவில்லை, அவள் கட்டிலுக்கு அடியில் இருக்கிறது. ஆறாவது நோட்டு ஓடுகிறதாம். திலிஸ்மை உடைக்க வேண்டிய அசத் இன்னும் சிறையில்தான் இருக்கிறான். உம்ரு எங்கே என்று கேட்டேன். “அவரு பைக்குள்ள என்னென்ன இருக்குன்னு தாதா லிஸ்ட் சொல்லிட்டு இருக்காரு அங்கிள், மூணு நாளா முடியல” என்றாள்.